முகவரி இழந்த முகங்கள்

போலந்து நாட்டின் ஒரு சிற்றூர். ஆண்டு 1938, மாதம் ஆகஸ்ட். அமெரிக்காவிலிருந்து வந்திருக்கும் பயணி ஒருவர் தம் சிறிய படக்கருவியை உயர்த்துகிறார். அவ்வளவுதான், தெருவே திரண்டுவிடுகிறது. சிறுவர்கள் முண்டியடித்துக்கொண்டு முன்னே வருகிறார்கள். கருவி திரும்பும் திசையிலெல்லாம் அவர்களும் நகர்கிறார்கள். பெரியவர்கள் நின்று வேடிக்கை பார்க்கிறார்கள். யாரோ சிரிக்கிறார்கள், யாரையோ யாரோ பிடித்துத் தள்ளுகிறார்கள். மூன்று நிமிடங்களுக்குச் சற்றே கூடுதலாக ஓடிப் படம் முடிந்துவிடுகிறது.

அந்த ஊரின் பெயர் நாஷெல்ஸ்க். அங்கு வாழ்ந்த யூதர்கள் ஏறத்தாழ 3,000 பேர். படம் எடுக்கப்பட்ட பதினாறாம் மாதத்தில், 1939 டிசம்பரில், அவர்கள் ஊரைவிட்டே விரட்டப்பட்டார்கள். போர் முடிந்தபோது உயிரோடு எஞ்சியவர்கள் 100 பேருக்கும் குறைவு. அன்று முண்டியடித்த சிறுவர்களுள் பெரும்பாலோர் வளர்ந்து ஆளாகவே இல்லை.

அந்த மூன்று நிமிடங்களை மட்டுமே கைக்கொண்டு, ஒரு மணி நேரத்துக்கும் மேல் ஓடும் ஆவணப்படம் ஒன்றை 2021-இல் உருவாக்கினார் நெதர்லாந்து நாட்டு இயக்குநர் பியாங்கா ஸ்டிக்டர். 'த்ரீ மினிட்ஸ்: எ லெங்தனிங்' என்பது அதன் பெயர். அதைப் பார்த்து முடித்த இரவில் நமக்குள் எழுந்த கேள்வி இது: இறந்தோரின் முகங்களை இன்றைய திரைப்படத்துக்குள் அழைத்து வருகிறவர், அந்த முகங்களுக்கு என்ன கடன்பட்டிருக்கிறார்? இக்கட்டுரை அந்தக் கேள்வியைப் பின்தொடர்ந்து செல்லும் ஒரு முயற்சி.

தேடுவோரின் பணி

வரலாற்றுப் படங்களில் இடையிடையே வந்துபோகும் பழைய காட்சிகளை நாம் பெரிதாக எண்ணுவதில்லை. இலையின் ஓரத்தில் வைத்த ஊறுகாய் போல் அவை நமக்குத் தோன்றுகின்றன. ஆனால் அந்த ஒவ்வொரு காட்சிக்குப் பின்னும் தேடிய கண்கள் உண்டு. இக்கலையின் முன்னோடிகளுள் ஒருவர் சோவியத் நாட்டைச் சேர்ந்த எஸ்ஃபிர் ஷுப் என்னும் பெண்மணி. ரஷ்யப் புரட்சியின் பத்தாம் ஆண்டான 1927-இல், ரொமானோவ் அரச குலத்தின் வீழ்ச்சியைப் பற்றி அவர் ஒரு படம் தொகுத்தார். அதற்காக அவர் பார்த்துத் தீர்த்த பழைய படச்சுருள் ஏறத்தாழ 60,000 மீட்டர். மன்னர் தம் பெருமைக்காக எடுத்து வைத்த காட்சிகளே அவருடைய வீழ்ச்சிக்குச் சாட்சியாகி நின்றன. எடுத்தவர் எண்ணிய பொருள் ஒன்று, தொகுத்தவர் காட்டிய பொருள் வேறொன்று. இக்கலையின் ஆற்றலும் அதுவே, ஆபத்தும் அதுவே.

தேடுவோரின் பணி எளிதன்று. 1950-களின் தொடக்கம் வரை திரைத்தொழிலில் வழங்கிய நைட்ரேட் படச்சுருள் எளிதில் தீப்பற்றக்கூடியது. அதற்கு மாற்றாக வந்த அசிட்டேட் சுருளோ காலப்போக்கில் புளிக்காடி நாற்றம் வீசிச் சுருங்கி வளைவது. தகரப் பெட்டியின் மேல் ஒட்டிய சீட்டு ஒன்றைச் சொல்லும்; உள்ளே இருப்பது வேறாக இருக்கும். கோடாக் நிறுவனம் தன் சுருள்களின் ஓரத்தில், அவை தயாரான ஆண்டைக் குறிக்கும் வட்டம், சதுரம், முக்கோணம் முதலிய சிறு குறிகளை இட்டு வந்தது. தேர்ந்த தேடுநர் முதலில் பார்ப்பது நடுவிலுள்ள படத்தை அன்று, ஓரத்திலுள்ள அந்தக் குறியை. பிறகு கடைப்பலகையின் எழுத்து, வண்டியின் வடிவம், மரத்தின் இலை, நிழலின் நீளம் என்று ஒவ்வொன்றாக விசாரிக்கிறார். நகலின் நகல் கையில் கிடைத்தால் அதோடு நிறைவடையாமல், கருவிக்குள் ஓடிய மூலச்சுருள் எங்கே என்று கேட்கிறார். உரிமை யாருடையது என்று கண்டறிந்து, எத்தனை விநாடி, எத்தனை நாடுகள், எத்தனை ஆண்டுகள் என்று கணக்கிட்டு விலை பேசுகிறார்.

இங்கேதான் சோதனை தொடங்குகிறது. தேவைப்படும் நாளின் காட்சி கிடைக்கவில்லை; ஆனால் அதைப்போன்ற மற்றொரு நாளின் காட்சி மலிவாகக் கிடைக்கிறது. ஓர் ஊர்வலத்துக்குப் பதிலாக வேறோர் ஊர்வலம், ஒரு தொடர்வண்டிக்குப் பதிலாக வேறொரு தொடர்வண்டி. பார்ப்பவர் எவருக்குத் தெரியப்போகிறது? எவருக்கும் தெரியாமற் போகலாம். ஆனால் அந்த வேறொரு வண்டியில் இருந்தவர்களும் மனிதர்களே. அவர்களுக்கும் ஒரு நாள் இருந்தது. ஓர் ஊர் இருந்தது. அதைப் பறித்து இன்னொருவருடைய கதைக்கு அலங்காரமாக்கும் உரிமை நமக்கு ஏது?

பெட்டிக்குள் இருந்த பொய்

இதன் மிகக் கொடிய எடுத்துக்காட்டு வார்சா நகரின் யூதச் சேரியைப் பற்றிய படச்சுருள்கள். 1942-ஆம் ஆண்டு மே மாதம், நாஜிகளின் படப்பிடிப்புக் குழு ஒன்று மதில் சூழ்ந்த அந்தச் சேரிக்குள் நுழைந்தது. எலும்பும் தோலுமான சிறுவர்களையும், நடைபாதையில் கிடந்த பிணங்களையும் படம் பிடித்தது. கூடவே, செழிப்பான விருந்துகளையும் நாடக அரங்குகளையும் நல்லாடை அணிந்த பெண்களையும் படம் பிடித்தது. அந்த ஆண்டே ஜூலை 22-இல் சேரியின் மக்களை ட்ரெப்லிங்கா கொலை முகாமுக்கு ஏற்றிச் செல்வது தொடங்கியது. அந்தப் படமோ முடிக்கப்படவே இல்லை.

1954-இல் கிழக்கு ஜெர்மனியின் காப்பகம் ஒன்றில் அந்தச் சுருள்கள் கண்டெடுக்கப்பட்டன. ஒலியில்லை, விளக்கமில்லை, ஏறத்தாழ ஒரு மணி நேரம். அன்று முதல் எத்தனையோ ஆவணப்படங்கள் அவற்றிலிருந்து துண்டுகளை எடுத்து, 'சேரியின் வாழ்க்கை இதுதான்' என்று காட்டி வந்தன. 1998-இல் அமெரிக்க வான்படைத் தளமொன்றின் படக்கிடங்கில் மற்றொரு சுருள் கிடைத்தது. வெட்டி ஒதுக்கப்பட்ட காட்சிகள் அவை. அவற்றில்தான் உண்மை வெளிப்பட்டது. அதே பெண் அதே கடைக்குள் மீண்டும் மீண்டும் நுழைகிறாள். பிச்சையெடுக்கும் குழந்தைகளைத் திரும்பிப் பாராமல் கடந்துபோகும்படி நல்லாடை அணிந்தவர்கள் மீண்டும் மீண்டும் நடக்கவைக்கப்படுகிறார்கள். 'தம் இனத்தார் சாகும்போதும் இன்பம் துய்க்கும் கூட்டம் இது' என்று உலகுக்குக் காட்டவே அந்தக் காட்சிகள் புனையப்பட்டன.

இஸ்ரேலிய இயக்குநர் யாயெல் ஹெர்சோன்ஸ்கி 2010-இல் எடுத்த 'எ ஃபிலிம் அன்ஃபினிஷ்ட்' இந்தச் சுருள்களை முழுமையாக நம்முன் விரிக்கிறது. சேரியின் யூத மன்றத் தலைவர் ஆடம் செர்னியாக்கோவ் எழுதிய நாட்குறிப்பை அவர் காட்சியோடு சேர்த்து வாசிக்கச் செய்கிறார். தம் அலுவலக மேசைமேல் ஒன்பது கிளை விளக்கொன்றைக் கொண்டுவந்து வைத்து, எல்லாத் திரிகளையும் ஏற்றி, படக்குழுவினர் தம்மை நடிக்கவைத்ததை அவர் குறித்திருக்கிறார். அந்தக் காட்சியும் நம் கண்முன் ஓடுகிறது. அதைப் படம் பிடித்த சில வாரங்களில், ஜூலை 23 அன்று, அவர் தம் உயிரை மாய்த்துக்கொண்டார். சேரியில் வாழ்ந்து தப்பியவர்கள் சிலரை இருண்ட அரங்கில் அமர்த்தி, அவர்கள் இந்தப் படத்தைப் பார்ப்பதையும் ஹெர்சோன்ஸ்கி பதிவு செய்கிறார். தம் தாயின் முகம் திரையில் வந்துவிடுமோ என்று அவர்களுள் ஒருவர் அஞ்சுகிறார். நமக்கு 'ஆவணக் காட்சி' ஆன ஒன்று அவருக்குத் தாயின் முகம். இந்த வேறுபாட்டை உணராதவர் இப்பணிக்குத் தகுதியற்றவர் என்றே சொல்வோம்.

இப்படத்தில் நமக்கு ஒரு நெருடலும் உண்டு. அன்றைய படப்பிடிப்பாளருள் ஒருவர் பிற்காலத்தில் அளித்த வாக்குமூலத்தை ஒரு நடிகரைக் கொண்டு நடித்துக் காட்டுகிறார் இயக்குநர். பிறர் புனைந்ததைத் தோலுரிக்கும் படம், தானும் ஒரு காட்சியைப் புனையலாமா? எழுத்தாவணத்தை அப்படியே வாசித்திருந்தால் போதுமே என்று நமக்குத் தோன்றுகிறது. ஆயினும் படத்தின் பெரும் பயனை இந்தக் குறை அழித்துவிடவில்லை. பட்டினி கிடந்த குழந்தையின் காட்சி புனைவன்று, அது உண்மை. அந்த உண்மையைப் பொய்யான விருந்தின் பக்கத்தில் வைத்தபோது, அதுவும் பொய்யின் பணியாளாகிவிட்டது. உண்மையான படம்கூடத் தன் அண்டை வீட்டுப் படத்தால் பொய் சொல்லக்கூடும் என்பதே இங்கு நாம் கற்கும் பாடம்.

இத்தகைய சுருள்களைத் தொடவே கூடாது என்று முடிவு செய்தவரும் உண்டு. கிளோத் லான்ஸ்மன் 1985-இல் வெளியிட்ட 'ஷோவா' ஒன்பது மணி நேரத்துக்கும் மேல் ஓடுகிறது. அதில் ஒரு பழைய காட்சிகூட இல்லை. வாழ்வோரின் சாட்சியமும் இன்றைய நிலமும் மட்டுமே உள்ளன. அந்த உறுதிக்கு நாம் தலைவணங்குகிறோம். ஆனால் எல்லாரும் அவ்வழியே சென்றால், நாஷெல்ஸ்க் நகரின் சிறுவர்கள் பெட்டிக்குள்ளேயே மக்கிப் போயிருப்பார்கள்.

வண்ணம் பூசிய போர்

இரண்டாவதாக நாம் எடுத்துக்கொள்வது பீட்டர் ஜாக்சன் 2018-இல் அளித்த 'தே ஷால் நாட் க்ரோ ஓல்ட்'. முதல் உலகப்போர் முடிந்த நூற்றாண்டு நிறைவையொட்டி, பிரிட்டனின் இம்பீரியல் போர் அருங்காட்சியகத்தின் ஏறத்தாழ 100 மணி நேரக் காட்சிகளையும், முதிய போர்வீரர்கள் நினைவுகூர்ந்த ஏறத்தாழ 600 மணி நேர ஒலிப்பதிவுகளையும் கொண்டு அவர் இப்படத்தைத் தொகுத்தார். அன்றைய படக்கருவிகள் கையால் சுற்றப்பட்டவை. எனவே வேகம் சீராக இராது. இன்று ஓட்டினால் வீரர்கள் பொம்மைகள்போல் துள்ளி நடப்பார்கள். ஜாக்சனின் குழுவினர் அந்த வேகத்தைச் சீராக்கினார்கள், கீறல்களை நீக்கினார்கள், வண்ணம் ஏற்றினார்கள். உதட்டசைவைப் படிக்க வல்லவர்களை அமர்த்தி, வீரர்கள் பேசியது என்னவென்று கண்டறிந்தார்கள். சட்டையிலுள்ள படைப்பிரிவுச் சின்னத்தைக் கண்டு, அந்த வட்டாரத்து வழக்கில் பேசும் நடிகர்களைக் கொண்டு குரல் கொடுத்தார்கள்.

சாம்பல் நிறப் பொம்மைகள் சட்டென்று இளைஞர்களாக மாறும் அந்தக் கணத்தில் நாமும் சிலிர்த்துப்போனோம், அதை மறைப்பதற்கில்லை. பல்வரிசை கெட்ட ஓர் இளைஞன் நம்மைப் பார்த்துச் சிரிக்கும்போது, நூறு ஆண்டுகள் ஒரு நொடியில் கரைந்துவிடுகின்றன. ஆனால் படம் முடிந்த பின் நாம் கேட்கிறோம்: அவன் யார்? எந்த ஊரில் எடுத்தது? எந்த நாள்? எடுத்தவர் எவர்? படம் எதற்கும் விடை சொல்வதில்லை. இடம், நாள், படைப்பிரிவு எதையும் குறிப்பிடுவதில்லை என்பது இயக்குநர் தெரிந்தே செய்த முடிவு. பொதுவான ஒரு வீரனின் அனுபவத்தைக் காட்டுவதே தம் நோக்கம் என்பது அவர் கொள்கை.

அந்தக் கொள்கைக்கு ஒரு நியாயம் உண்டு. எளிய வீரனின் துன்பம் எல்லாப் படைப்பிரிவுக்கும் பொதுவே. ஆயினும் அதன் விலையையும் எண்ணிப் பார்க்க வேண்டும். பள்ளமான ஒரு பாதையில் வீரர்கள் சிலர் தாக்குதலுக்குக் காத்திருக்கும் காட்சி இப்படத்தில் வருகிறது. கண்களில் அச்சம் தெரிகிறது. அது 1916 ஜூலை 1 அன்று, சோம் போரின் முதல் நாளில், போமோன் ஹாமெல் ஊருக்கு அருகே ஜெஃப்ரி மாலின்ஸ் எடுத்த காட்சி. அவர்கள் லங்காஷயர் ஃபியூசிலியர்ஸ் பிரிவைச் சேர்ந்தவர்கள். அன்றைய தாக்குதலில் அவர்களுள் பலர் வீழ்ந்தார்கள். இவ்வளவும் தெரிந்த ஒன்று. காப்பகத்தில் எழுதப்பட்ட ஒன்று. முகத்துக்கு வண்ணம் கொடுக்க எவ்வளவோ உழைத்தவர்கள், முகவரியைக் கொடுக்க ஒரு வரி எழுதியிருக்கலாகாதா? ஒருவருடைய குரல் மற்றொருவர் முகத்தின்மேல் விழுகிறது. நேரடிப் போரைக் காட்டும் காட்சிகள் அரியவை என்பதால், அந்தக் காலத்து இதழோவியங்களையும் வீரர்களின் முகங்களையும் பிணங்களையும் மாற்றி மாற்றிக் காட்டுகிறார் இயக்குநர். சிரித்த முகமும் சிதைந்த உடலும் ஒருவருடையவையே என்று நம் மனம் இணைத்துக்கொள்கிறது. அப்படித்தானா என்பதற்குச் சான்றில்லை.

ஜாக்சனின் உழைப்பில் நமக்கு ஐயமில்லை. மூலச்சுருள்கள் அருங்காட்சியகத்தில் அப்படியே இருக்கின்றன. எவரும் போய்ப் பார்க்கலாம். ஆனால் பெரும்பாலோர் போய்ப் பார்ப்பதில்லை. திரையில் கண்டதே அவர்களுக்கு வரலாறு. அந்தப் பொறுப்பை உணர்ந்திருந்தால் இந்தப் படம் இன்னும் உயர்ந்திருக்கும்.

பெயரைத் தேடிய படம்

மீண்டும் நாஷெல்ஸ்க் தெருவுக்கு வருவோம். டேவிட் கர்ட்ஸ் என்னும் அந்தப் பயணி அந்த ஊரில் பிறந்து, சிறு வயதிலேயே அமெரிக்காவில் குடியேறியவர். அவர் எடுத்த சுருளை அவருடைய பேரர் கிளென் கர்ட்ஸ் 2009-இல் ஃப்ளோரிடாவில் தம் பெற்றோரின் வீட்டில் கண்டெடுத்தார். அதற்குள் அது சுருங்கி, வளைந்து, கருவியில் ஓட்ட முடியாத நிலையை அடைந்திருந்தது. வாஷிங்டனிலுள்ள ஹோலோகாஸ்ட் நினைவு அருங்காட்சியகம் அதைச் செப்பனிட்டுப் பொதுப்பார்வைக்கு வைத்தது. அமெரிக்காவில் வாழ்ந்த ஒரு பெண் அதைப் பார்த்தபோது, முன்வரிசையில் நின்ற பதின்மூன்று வயதுச் சிறுவனின் முகத்தில் தம் பாட்டனாரைக் கண்டார். மாரிஸ் சாண்ட்லர் என்னும் அந்தப் பெரியவர் உயிரோடிருந்தார்! அவர் தம் தோழர்கள் சிலரை அடையாளம் காட்டினார். ஊரின் பழக்கவழக்கங்களைச் சொன்னார்.

ஸ்டிக்டரின் படம் இந்தத் தேடலையே தன் கதையாக்கிக் கொள்கிறது. திரையில் அந்த மூன்று நிமிடக் காட்சியைத் தவிர வேறெதுவும் வருவதில்லை. பேசுவோர் முகங்கள் இல்லை. இன்றைய நாஷெல்ஸ்க் இல்லை. ஒரு காட்சியை நிறுத்துகிறது, பின்னோக்கி ஓட்டுகிறது, ஒரு மூலையைப் பெரிதாக்குகிறது. மங்கிப்போன கடைப்பலகையில் உள்ள எழுத்துகளை ஒவ்வொன்றாக ஊகித்து, கடைக்காரப் பெண்ணின் பெயரைக் கண்டறிய முயல்கிறது. சிறுவர்களின் தொப்பிகளில் உள்ள வேறுபாடு, உடைகளின் பொத்தான்கள், தொழுகைக்கூடக் கதவின் சிங்கம் என்று ஒவ்வொன்றும் விசாரணைக்கு உள்ளாகிறது. 1939 டிசம்பரில் அம்மக்களுக்கு நேர்ந்ததைப் பற்றிய சாட்சியம் வாசிக்கப்படும்போது, படக்கருவி ஊர்ச்சதுக்கத்தின் ஒரு பகுதியை மெல்ல மெல்ல நெருங்குகிறது. இறுதியில் உருவமே கலைந்து வெறும் புள்ளிகளாகிவிடுகிறது. அந்தக் கொடுமைக்குப் படமில்லை. எனவே வேறொரு கொடுமையின் படத்தை இயக்குநர் இரவல் வாங்கவில்லை. இல்லாததை இல்லாததாகவே காட்டும் அந்த நேர்மையைத்தான் இப்படத்தின் தலையாய சிறப்பாக நாம் கருதுகிறோம்.

இறுதியில் அந்தச் சுருளிலுள்ள முகங்கள் ஒவ்வொன்றாகப் பிரித்தெடுக்கப்பட்டு வரிசையாக நம்முன் நிற்கின்றன. நூற்றுக்கும் மேற்பட்ட முகங்கள். பெயர் தெரிந்தவர்கள் வெகு சிலரே. பெயர் தெரியாதவர்களுக்குப் பெயரைப் புனையவில்லை; ஆனால் அவர்களைக் கூட்டமாகவும் விட்டுவிடவில்லை. ஒவ்வொருவரையும் தனித்தனியே நாம் பார்க்கும்படி செய்கிறது படம். நாம் முதலில் கேட்ட கேள்விக்கு நாம் கண்ட நல்ல விடை இதுவே.

இன்று இந்தக் கேள்வி புதிய கூர்மை பெற்றிருக்கிறது. 2021-இல் வெளியான 'ரோட்ரன்னர்' என்னும் ஆவணப்படத்தில், மறைந்த சமையற்கலைஞர் ஆன்டனி போர்டேனின் எழுத்துகள் சிலவற்றை அவருடைய குரலிலேயே இயந்திரம் பேசியது. பார்த்தவர்களுக்கு அது சொல்லப்படவில்லை. பின்னர் தெரியவந்தபோது பெரும் விவாதம் எழுந்தது. ஆவணக் காட்சித் தேடலைத் தொழிலாகக் கொண்டவர்கள் அமெரிக்காவில் ஒரு கூட்டமைப்பாகத் திரண்டு, 2024-இல் செயற்கை நுண்ணறிவு பற்றிய நெறிமுறைகளை வெளியிட்டார்கள். இயந்திரம் உருவாக்கியதைப் பார்வையாளருக்கு ஒளிக்காமல் சொல்ல வேண்டும் என்பது அவற்றின் சாரம். தேடிக் கிடைக்காத காட்சியை இனி நொடியில் புனைந்துவிடலாம் என்னும்போது, தேடுவதற்கு எவருக்குப் பொறுமை இருக்கும்? பெட்டியைத் திறவாமலே படம் முடிந்துவிடும் என்றால், பெட்டிக்குள் இருப்பவர்களின் கதி என்ன?

நம் வீட்டுப் பெட்டிகள்

இந்தக் கலை தமிழருக்குப் புதிதன்று. கோட்டையூரில் பிறந்த ஏ. கே. செட்டியார் 1937-இல் அமெரிக்காவிலிருந்து கப்பலில் செல்லும்போது, காந்தியடிகளைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்க எண்ணினார். உலகின் பல நாடுகளுக்கும் அலைந்து, ஏறத்தாழ நூறு படப்பிடிப்பாளர்கள் வெவ்வேறு காலங்களில் எடுத்திருந்த காட்சிகளைத் தேடிச் சேர்த்தார். அவர் திரட்டியது ஏறத்தாழ 50,000 அடி. 1940-இல் அந்தப் படம் தமிழில் வெளியாயிற்று. தாம் அலைந்த கதையை அவர் எழுதிய கட்டுரைகள் 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்னும் நூலாக நமக்குக் கிடைக்கின்றன. ஆனால் விதியின் விளையாட்டைப் பாருங்கள்: உலகெங்கும் சிதறிக் கிடந்ததைத் தேடிச் சேர்த்தவரின் தமிழ்ப்படமே பின்னர்த் தேடிக் கிடைக்காமற் போயிற்று. 1953-இல் அமெரிக்காவில் உருவான அதன் ஆங்கில வடிவம், வரலாற்றாய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதியின் முயற்சியால் அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் பல பத்தாண்டுகளுக்குப் பின் கண்டறியப்பட்டது. சேர்ப்பதில் காட்டிய ஊக்கத்தைக் காப்பதில் நாம் காட்டவில்லை.

ஆகவே, அடுத்த முறை ஓர் ஆவணப்படத்தில் பழைய காட்சி ஓடும்போது மூன்று கேள்விகளை மனத்துக்குள் கேட்டுப் பார்ப்போம்: இதை எடுத்தவர் யார்? யாருக்காக எடுத்தார்? இதில் இருப்பவர் யார்? விடை சொல்லும் படத்தை நம்புவோம். தெரியாது என்று ஒப்புக்கொள்ளும் படத்தை மதிப்போம். கேள்வியே எழாதபடி மயக்கும் படத்தைக் கொஞ்சம் தள்ளி நின்று பார்ப்போம்.

இன்னொன்றும் செய்யலாம். நம் வீட்டு அலமாரியின் அடித்தட்டில் திருமண வீடியோ கேசட்டுகள் கிடக்கின்றன. பழைய நிழற்பட ஆல்பம் ஒன்று கிடக்கிறது. கேசட்டின் காந்த நாடா ஆண்டுக்கு ஆண்டு நலிந்து வருகிறது. படத்தில் பாட்டியின் பக்கத்தில் நிற்பவர் யார் என்பது வீட்டில் ஒருவருக்கு மட்டுமே தெரியும். அவருக்கும் எண்பது வயது கடந்துவிட்டது. இன்று மாலையே அவர் அருகில் அமர்ந்து, படத்தைக் காட்டி, அவர் சொல்லும் பெயர்களைப் பின்புறத்தில் பென்சிலால் எழுதி வைப்போம். மூன்று நிமிடச் சுருளொன்றுக்காகக் கண்டம் கடந்து பலர் தேடி அலைந்தது, எவரும் எழுதி வைக்காத அந்தச் சில பெயர்களுக்காகத்தான்.